எல்லையும் ஏதுவும்: கண் அறுவை சிகிச்சையின் சிக்கல்களைக் குறியிடும் மொழி



இச்சொற்பொழிவுத் தொடரில் உரையாற்ற அழைத்தபோது, "ஐயா, இலக்கணமா, இலக்கியமா, எதைப் பற்றிப் பேசுகிறீர்கள்?" என்று ஏற்பாட்டாளர் வினவினார். "கண் அறுவை சிகிச்சைக்குப் பின் நேரும் சிக்கல்களை மருத்துவ ஏடுகளில் எவ்வாறு குறியிடுகிறார்கள் என்பதைப் பற்றி" என்றேன். மறுமுனையில் சற்று நேரம் ஓசையே இல்லை. பிறகு, "அதில் தமிழ் எங்கே வருகிறது, ஐயா?" என்றார். அந்த வினாவுக்கு விடை கூறுவதே இன்றைய உரையின் நோக்கம். நான் மருத்துவன் அல்லன். மொழியியல் படித்தவன். ஆகவே மருத்துவ அறிவுரை எதையும் கூறப் போவதில்லை. ஒரு குறியீட்டு முறையை ஓர் இலக்கணமாகப் படித்துக் காட்டப் போகிறேன்.

இப்பொருளில் எனக்கு ஆர்வம் பிறந்தது என் பிழை ஒன்றினால். அதனை முதலில் ஒப்புக்கொண்டு விடுகிறேன்.

சில ஆண்டுகளுக்கு முன் என் அக்காவுக்கு இடக்கண்ணில் கண்புரை அறுவை சிகிச்சை நடந்தது. அவருக்கு நெடுங்காலமாக நீரிழிவு உண்டு. ஆங்கிலம் சரளமாக வராது. ஏறத்தாழ ஆறு வாரம் கழித்து மறுபரிசோதனைக்குச் சென்றபோது மொழிபெயர்ப்பாளனாக நான் உடன் சென்றேன். அக்கா மருத்துவரிடம், "ஆப்பரேஷன் செஞ்சதிலேருந்து நடுவுல மங்கலா இருக்கு" என்றார். 'அறுவை சிகிச்சையால் இவருக்குப் பார்வை மங்கிவிட்டது' என்னும் பொருள்பட நான் அதை ஆங்கிலத்தில் கூறினேன். மருத்துவர் எழுதுவதை நிறுத்தி, என்னை நிமிர்ந்து பார்த்து, "சிகிச்சை நடந்த நாள் முதல் என்கிறாரா, சிகிச்சையின் காரணமாக என்கிறாரா? அவரையே மறுபடியும் கேட்டுச் சொல்லுங்கள்" என்றார்.

கேட்டேன். "அது எனக்கெப்படிப்பா தெரியும்? ஆப்பரேஷனுக்கு முன்னாடியே பேப்பர் படிக்கிறப்ப நடு எழுத்து கலங்கும். புரைதானேன்னு விட்டுட்டேன். இப்பதான் மத்ததெல்லாம் பளிச்சுன்னு தெரியுது, நடுவுல மட்டும் தெரியலை" என்றார் அக்கா. அவர் கூறியது காலத்தின் தொடக்கம். நான் கூறியது காரணம். முப்பது ஆண்டுகளாக வேற்றுமை உருபுகளைப் பற்றி மாணவர்க்குப் பாடம் நடத்திய நான், அந்த ஓர் அறையில், அந்த ஒரு தொடரில் வேற்றுமைப் பொருளை மாற்றிவிட்டேன்.

ஐந்தாம் வேற்றுமையின் பொருள்களாக நன்னூலார் கூறுபவை நீங்கல், ஒப்பு, எல்லை, ஏது என்னும் நான்கு. எல்லையும் ஏதுவும் ஒரே உருபின் நிழலில் அடுத்தடுத்து நிற்கின்றன. இட எல்லைக்குரிய உருபைக் கால எல்லைக்கும் விரித்து வழங்குகிறோம். 'செய்ததிலிருந்து' என்பது எல்லை. 'செய்ததால்' என்பது ஏது. எல்லையிலிருந்து ஏதுவுக்கு வழுக்கி விழுவது எவ்வளவு எளிது என்பதை அன்று உணர்ந்தேன். மருத்துவக் குறியீட்டு முறை இந்த வழுக்கலைத் தடுப்பதற்கென்றே விதி வகுத்துள்ளது என்பதைப் பின்னர்ப் படித்தபோது வியந்தேன்.

குறியீடு எதற்கு?

ஒருவர் மருத்துவமனைக்குச் சென்று திரும்பினால், அவருடைய நோயும் அவருக்குச் செய்யப்பட்ட சிகிச்சையும் மருத்துவரின் குறிப்பில் சொற்களாக இருக்கும். அச்சொற்களை எழுத்தும் எண்ணும் கலந்த குறியீடுகளாக மாற்றுவதே மருத்துவக் குறியீட்டாக்கம். நோய்களை எண்ணுவதற்கும், நாடுகளை ஒப்பிடுவதற்கும், காப்பீட்டுத் தொகையைக் கணக்கிடுவதற்கும் அக்குறியீடுகளே அடிப்படை.

1893ஆம் ஆண்டு, பிரெஞ்சுப் புள்ளியியலாளர் ழாக் பெர்த்தில்லோன் இறப்புக் காரணங்களின் பன்னாட்டுப் பட்டியல் ஒன்றை முன்வைத்தார். இன்றைய முறையின் வேர் அதுவே. 1948இல் ஆறாம் திருத்தத்தின்போது அப்பொறுப்பை உலகச் சுகாதார நிறுவனம் ஏற்றது. இறப்புக் காரணங்களோடு நோய்களும் பட்டியலில் இடம்பெற்றன. பத்தாம் திருத்தம் 1990இல் ஏற்கப்பட்டது. பதினோராம் திருத்தம் 2022 ஜனவரி முதல் நடப்புக்கு வந்தது. ஆயினும் பல நாடுகள் பத்தாம் திருத்தத்தைத் தம் தேவைக்கேற்ப விரித்துப் பயன்படுத்துகின்றன. சிங்கப்பூர் தழுவியது ஆஸ்திரேலிய விரிவு. அமெரிக்கா தனக்கென ஒரு விரிவை 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறைப்படுத்தியது.

இன்று அமெரிக்க விரிவிலிருந்தே எடுத்துக்காட்டுகளைத் தருகிறேன். அதற்குக் காரணங்கள் இரண்டு. கண் அறுவை சிகிச்சையின் சிக்கல்களை அது நுணுக்கமாகப் பகுத்துள்ளது என்பது ஒன்று. சென்னையிலும் கோவையிலும் 'மெடிக்கல் கோடிங்' என்ற பெயரில் தமிழ் இளைஞர்கள் பலர் அன்றாடம் பயின்று பணிபுரிவது அந்த விரிவில்தான் என்பது மற்றொன்று. கடல் கடந்த ஒரு நாட்டு முதியவரின் கண்ணில் நேர்ந்தது என்ன என்பதை ஒரு தமிழ்ப் பட்டதாரி வாசித்து முடிவு செய்கிறார். அவர் வாசிப்பது மொழியை.

குறியீட்டின் பகுபத உறுப்புகள்

பள்ளியில் 'வந்தனன்' என்னும் சொல்லைப் பகுத்துக் காட்டுவோம். 'வா' பகுதி, அது 'வ' எனக் குறுகியது விகாரம், 'த்' சந்தி, அது 'ந்' ஆனது விகாரம், அடுத்த 'த்' இறந்தகால இடைநிலை, 'அன்' சாரியை, இறுதி 'அன்' ஆண்பால் விகுதி. ஒவ்வோர் உறுப்பும் தனக்குரிய இடத்தில் நின்று தனக்குரிய பணியைச் செய்கிறது.

'எச் 59.031' என்னும் குறியீட்டையும் அவ்வாறே பகுக்கலாம். 'எச்' என்பது கண்ணுக்கும் காதுக்கும் பொதுவான எழுத்து. 59 வரை கண். 60 முதல் காது. 'எச் 59' என்பது கண் இயலின் கடைசிப் பிரிவு. மருத்துவச் செயல்முறையின் போதும் அதற்குப் பின்னும் கண்ணில் நேரும் சிக்கல்களுள், வேறிடத்தில் வகைப்படுத்தப்படாதவை இங்கு வரும். புள்ளிக்குப் பின் வரும் 0, 'கண்புரை அறுவை சிகிச்சையைத் தொடர்ந்து' என்பதைக் குறிக்கும். அடுத்த 3, விழித்திரையின் நடுப்புள்ளியில் நீர் கோத்து வீங்குவதைக் குறிக்கும். இறுதியில் உள்ள 1, வலக்கண். அதே இடத்தில் 2 வந்தால் இடக்கண். 3 வந்தால் இரு கண்கள். 9 வந்தால் எந்தக் கண் என்று குறிப்பிடப்படவில்லை.

இந்த விகுதியைச் சற்று எண்ணிப் பாருங்கள். இதற்கு முன் அமெரிக்காவில் வழங்கிய ஒன்பதாம் திருத்தத்தில் இடம், வலம் என்னும் பாகுபாடு இல்லை. இப்போது உண்டு. ஆனால் 9 என்னும் எண் நமக்கு ஒன்றை நினைவூட்டுகிறது. சிகிச்சை பெற்றவரின் கண் இடமாகவோ வலமாகவோ இருந்தே தீரும். எந்தக் கண் என்பது அவருக்கும் தெரியும், மருத்துவருக்கும் தெரியும். எழுதியவர் எழுதாமல் விட்டார் என்பதைத்தான் 9 காட்டுகிறது.

இன்னொரு குறியீடு: 'டி 85.22 எக்ஸ் ஏ'. கண்ணினுள் பொருத்திய செயற்கை வில்லை இடம் பெயர்ந்துவிட்டது என்பது இதன் பொருள். 'டி 85' உடலினுள் பொருத்தப்பட்ட சில கருவிகளின் சிக்கல்கள். அடுத்த 2, உள்விழி வில்லையின் பொறிமுறைச் சிக்கல். அதற்கடுத்த 2, இடப்பெயர்வு. இறுதி 'ஏ', நோயாளி அச்சிக்கலுக்கான தீவிர சிகிச்சையில் இருக்கிறார் என்று காட்டும். அதன் இடத்தில் 'டி' வந்தால் தேறிவரும் நிலையில் தொடர்ந்து கவனிக்கப்படுகிறார் என்பது பொருள். 'எஸ்' வந்தால் பழைய சிக்கலின் நெடுநாள் விளைவு என்பது பொருள். இடையில் நிற்கும் 'எக்ஸ்' எதைக் குறிக்கிறது? எதையும் குறிக்கவில்லை. ஏழாம் இடத்துக்குரிய எழுத்து ஏழாம் இடத்திலேயே நிற்க வேண்டும் என்பதற்காக ஆறாம் இடத்தை அது நிரப்புகிறது. தனக்கெனப் பொருளின்றி இடையில் நின்று சொல்லை இயைவிக்கும் சாரியையை அறிந்த நமக்கு இந்த 'எக்ஸ்' புதியதன்று.

ஒரு தொடர், பல முகவரிகள்

கண்புரை என்பது விழிவில்லை ஒளி புகாதவாறு மங்குவது. அறுவை சிகிச்சையில் வில்லையைப் பொதிந்துள்ள மெல்லிய உறையின் முன்பக்கத்தைத் திறந்து, மங்கிய வில்லையை அகற்றி, எஞ்சிய உறைக்குள் செயற்கை வில்லையை வைக்கிறார்கள். லண்டன் செயின்ட் தாமஸ் மருத்துவமனையில் ஹெரால்ட் ரிட்லி 1949 நவம்பரில் முதன்முதலாக உள்விழி வில்லையைப் பொருத்தினார். அதற்கு முன் 'வில்லை இடம் பெயர்ந்தது' என்னும் சிக்கலுக்கு ஒரு சொல்லே தேவைப்பட்டிருக்காது. புதுப் பொருள் வந்தால் புதுச் சொல் வேண்டும். குறியீட்டுக்கும் அது பொருந்தும்.

இச்சிகிச்சை மிகப் பெரும்பாலோர்க்கு நலமாகவே முடிகிறது. சிலர்க்குச் சிக்கல் நேர்கிறது. அவர்கள் எல்லாரும் தமிழில் கூறுவது ஏறத்தாழ ஒரே தொடர்: "கண் மங்குகிறது." அந்த ஒரு தொடர் எத்தனை முகவரிகளுக்குச் செல்லக்கூடும் என்று காண்போம்.

வலியோ சிவப்போ இல்லாமல், மாதக் கணக்கிலோ ஆண்டுக் கணக்கிலோ மெல்ல மெல்ல மங்கினால், எஞ்சிய உறையின் பின்புறம் மங்கியிருக்கலாம். உறையில் தங்கிய வில்லைச் செல்கள் பெருகிப் பரவுவதால் இது நேர்கிறது. லேசர் கதிரால் உறையின் நடுவில் ஒரு திறப்பை ஏற்படுத்தி இதைச் சரி செய்வார்கள். இதன் குறியீடு 'எச் 26.4' வரிசையில் வரும்.

சில வாரங்கள் கழித்து நடுப்பார்வை மட்டும் கலங்கினால், விழித்திரையின் நடுப்புள்ளியில் நீர்வீக்கம் இருக்கலாம். இர்வின் என்பார் 1953இலும், காஸ் என்பார் 1966இலும் இதனை விளக்கியதால் இர்வின்-காஸ் நோய்த்தொகுதி என்ற பெயரும் உண்டு. மருத்துவர் அப்பெயரை மட்டும் எழுதியிருந்தாலும் குறியீட்டாளர் அதனை 'எச் 59.03' என்று அறிந்துகொள்ள வேண்டும்.

அகற்றிய வில்லையின் துணுக்கு உள்ளேயே தங்கியிருந்தால் 'எச் 59.02'. செயற்கை வில்லை இடம் பெயர்ந்திருந்தால் முன்பு கண்ட 'டி 85.22'. மின்னல் வெட்டுவது போலவும், பூச்சிகள் பறப்பது போலவும் தோன்றி, ஒரு பக்கத்திலிருந்து திரை விழுவது போல் மறைந்தால், விழித்திரை பிரிந்திருக்கலாம். அது 'எச் 33' வரிசை. சிகிச்சை முடிந்த சில நாள்களிலேயே வலியும் சிவப்பும் சேர்ந்து பார்வை விரைந்து மங்கினால், கண்ணின் உள்ளே சீழ் கொள்ளும் தொற்றாக இருக்கலாம். அது 'எச் 44.0' வரிசை. இறுதியிற் கூறிய இரண்டும் காத்திருக்கக் கூடாதவை. அன்றே மருத்துவரிடம் செல்ல வேண்டியவை.

'மங்கல்' என்னும் ஒரே சொல்லுக்குள் இவை அனைத்தும் அடங்கிக் கிடக்கின்றன. அவற்றைப் பிரித்துக் காட்டுபவை அச்சொல்லோடு சேரும் அடைகளே. மெல்ல மங்கியதா, திடீரென மங்கியதா? நடுவிலா, ஓரத்திலா? வலியோடா, வலியின்றியா? எந்தக் கண்? எந்த நாள் முதல்? பெயரடை, வினையடை என்று வகுப்பில் நாம் கற்பிப்பவை ஒருவரின் பார்வையைக் காக்கக் கூடும்.

வகைப்பாட்டிலும் ஒரு வழு

முதலிற் கூறிய உறை மங்கலுக்கு மீண்டும் வருவோம். கண்புரை அறுவை சிகிச்சைக்குப் பின் நெடுநாளில் மிகுதியாகக் காணப்படும் சிக்கல் இதுவே. ஆனால் சிக்கல்களுக்குரிய 'எச் 59' பிரிவில் இதற்கு இடமில்லை. 'இங்குச் சேர்க்கற்க' என்னும் குறிப்பு அப்பிரிவின் தலைப்பிலேயே உள்ளது. இதனை 'இரண்டாம் நிலைப் புரை' என்ற பெயரில் கண்புரை வகைகளோடு சேர்த்துள்ளார்கள். வில்லையே இல்லாத கண்ணில் புரை ஏது? இது பழைய பெயரின் எச்சம். மரபு காரணமாக நிலைத்துவிட்ட வழு.

இப்பெயர் வகைப்பாட்டோடு நிற்கவில்லை. மக்கள் வாயிலும் உள்ளது. "புரை மறுபடியும் வளர்ந்துவிட்டது" என்று முதியோர் பேசிக்கொள்வதை நீங்கள் கேட்டிருக்கலாம். அப்படி எண்ணுபவர், மீண்டும் கத்தி வைப்பார்களோ என்று அஞ்சி மருத்துவரிடம் செல்லாமல் இருந்துவிடக் கூடும். 'உறை மங்கியுள்ளது' என்னும் இரண்டு சொற்களை அவரிடம் எவரேனும் கூறியிருந்தால் அந்த அச்சத்துக்கு இடமிருந்திராது. அகற்றிய வில்லை மீண்டும் வளர்வதில்லை. புரையும் மீண்டும் வருவதில்லை.

'பின்' என்றால் 'ஆல்' ஆகாது

இனி, என் பிழைக்கு வருகிறேன். அமெரிக்கக் குறியீட்டு நெறிமுறையில் சிக்கல்களைப் பற்றிய விதி ஒன்று உண்டு. அதன் சாரம் இது: சிகிச்சையின் போதோ அதற்குப் பின்னோ தோன்றும் நிலை ஒவ்வொன்றும் சிக்கல் ஆகிவிடாது. சிகிச்சைக்கும் அந்நிலைக்கும் இடையே காரண காரியத் தொடர்பு இருத்தல் வேண்டும். அத்தொடர்பு மருத்துவரின் குறிப்பில் இருத்தல் வேண்டும். தெளிவில்லையெனில் குறியீட்டாளர் தாமாக முடிவு செய்யாமல் மருத்துவரிடம் வினவ வேண்டும்.

இதனைத் தமிழிலக்கண மொழியில் கூறுவதானால், 'பின்' என்னும் சொல்லை 'ஆல்' என்னும் உருபாக வாசிக்காதே என்பதாகும். ஏழாம் வேற்றுமையின் இடப்பொருள் உருபுகளை அடுக்கும்போது நன்னூலார் 'முன்', 'பின்' ஆகியவற்றையும் சேர்த்துள்ளார். இடத்துக்குரிய 'பின்' காலத்துக்கு வந்தது; காலத்திலிருந்து காரணத்துக்கு அது தாவ வேண்டியதில்லை. இன்றைய வழக்கில் காரணத்தைக் காட்ட 'ஆல்' உருபு இருக்கிறது. அதனைப் பயன்படுத்தும் உரிமை, இவ்விடத்தில், மருத்துவருக்கு மட்டுமே உண்டு.

ஆனால் இதே நெறிமுறையில் இதற்கு மறுதலையான விதி ஒன்றும் உண்டு. வகைப்பாட்டின் தலைப்பிலோ அகர வரிசையிலோ 'உடன்' என்னும் பொருள் தரும் ஆங்கில இடைச்சொல் இரு நோய்களை இணைத்திருந்தால், அவற்றிடையே காரணத் தொடர்பு இருப்பதாகவே கொள்ள வேண்டும். தொடர்பில்லை என்று மருத்துவர் தெளிவாக எழுதியிருந்தாலன்றி அக்கொள்கை மாறாது. நீரிழிவும் விழித்திரைப் பாதிப்பும் இவ்வாறு இணைக்கப்பட்டவை. 'உடன்' என்பது எவ்வாறு 'ஆல்' ஆயிற்று என்று ஆங்கிலம் பயின்றோர் வியக்கலாம். நமக்கு வியப்பில்லை. 'ஆல்', 'ஓடு' இரண்டும் மூன்றாம் வேற்றுமை உருபுகளே. கருவியும் உடனிகழ்வும் அந்த ஒரே வேற்றுமையின் பொருள்களே.

இப்போது என் அக்காவின் கண்ணை இவ்விரு விதிகளுக்கும் இடையில் வைத்துப் பாருங்கள். நடுப்புள்ளியில் நீர்வீக்கம். அறுவை சிகிச்சையின் சிக்கல் என்றால் 'எச் 59.032'. நீரிழிவின் விளைவு என்றால் 'இ 11.3' வரிசை. வீக்கம் ஒன்றே, முகவரிகள் இரண்டு. இரண்டுக்கும் நடுவில் நின்றது நான் மாற்றிக் கூறிய ஓர் உருபு. புரை அடர்ந்திருந்தபோது உள்ளே விழித்திரையைத் தெளிவாகக் காண இயலவில்லை. அக்காவும் முன்பே நடு எழுத்து கலங்கியதை எவரிடமும் கூறவில்லை. மருத்துவர் கேட்டிராவிட்டால் அந்தச் செய்தி வெளிவந்தே இராது. பரிசோதனைகளுக்குப் பின், நீரிழிவே காரணம் என்று மருத்துவர் முடிவு செய்தார். சிகிச்சையும் அதற்கேற்ப அமைந்தது. சர்க்கரையைக் கட்டுப்படுத்துவதில் அக்காவின் அக்கறையும் அன்று முதல் மாறியது. என் மொழிபெயர்ப்பு அப்படியே நின்றிருந்தால், குற்றமற்ற ஓர் அறுவை சிகிச்சையின் மேல் பழி ஏறியிருக்கும். உண்மையான நோய் மறைந்திருக்கும்.

இதற்கு எதிர்மாறான பிழையும் நேரலாம் என்பதை மறந்துவிடக் கூடாது. சிகிச்சையால் வந்த தொற்றை 'சிகிச்சைக்குப் பின் வந்த கண் நோய்' என்று மழுப்பி எழுதினால், அது சிக்கல்களின் கணக்கில் வராது. ஒரே இடத்தில் அடுத்தடுத்துப் பலர்க்குத் தொற்று நேர்ந்தால் அதனைக் கண்டுபிடிக்க உதவுவது அந்தக் கணக்குத்தான். கணக்கில் வராத தொற்று அடுத்த நோயாளிக்காகக் காத்திருக்கும். ஆகவே 'பின்' என்பதை 'ஆல்' என்று ஏற்றுவதும் தவறு. 'ஆல்' என்பதைப் 'பின்' என்று இறக்குவதும் தவறு.

பணமும் இதைச் சார்ந்தே உள்ளது. அமெரிக்க முதியோர் காப்பீட்டுத் திட்டமான மெடிகேரில், கண்புரை அறுவை சிகிச்சைக்குரிய கட்டணம் அடுத்த 90 நாள்களின் வழக்கமான கவனிப்பையும் உள்ளடக்கியது. அந்நாள்களுக்குள் அதே மருத்துவர் நோயாளியை மீண்டும் அறுவை அறைக்கு அழைத்துச் செல்ல நேர்ந்தால், முதற் சிகிச்சையோடு தொடர்புடைய, திட்டமிடாத சிகிச்சைக்கு 78 என்ற அடையெண்ணும், தொடர்பற்ற சிகிச்சைக்கு 79 என்ற அடையெண்ணும் சேர்க்கப்படும். 'தொடர்பு' என்னும் ஒரு சொல்லுக்கு எத்தனை எடை என்று பாருங்கள்.

நம் சொற்கள் நான்கு

தமிழில் இத்துறைக்கு நாம் வழங்கும் சொற்களைப் பார்ப்போம். சிக்கல், பக்கவிளைவு, பின்விளைவு, தவறு. செய்திகளிலும் உரையாடலிலும் இவை ஒன்றன் இடத்தில் மற்றொன்று வருகின்றன. இவற்றைப் பின்வருமாறு வரையறுத்து வழங்கலாம் என்பது என் கருத்து.

பக்கவிளைவு என்பது, மருந்து தன் இயல்பான வினையோடு கூடவே உண்டாக்கும் வேண்டாத விளைவு. சிக்கல் என்பது, சிகிச்சையின் போதோ பின்னரோ அதன் காரணமாக நேரும் கேடு. பின்விளைவு என்பது, சிக்கலோ நோயோ தீர்ந்த பின்னும் நெடுநாள் தங்கிவிடும் எச்சம். குறியீட்டில் 'எஸ்' என்னும் எழுத்துக் காட்டுவது இதுவே. தவறு என்பது, செய்ய வேண்டியதைச் செய்யாமையோ செய்யத் தகாததைச் செய்தலோ ஆகும்.

இறுதியான இரண்டாம் பாகுபாடு ஒன்று மிகவும் இன்றியமையாதது. சிக்கல் வேறு; தவறு வேறு. கைதேர்ந்த மருத்துவர் முறைப்படி செய்த சிகிச்சையிலும் சிக்கல் நேரலாம். 'எச் 59' என்று எழுதும் குறியீட்டாளர் எவர் மீதும் குற்றம் சாட்டவில்லை, நேர்ந்ததைப் பதிகிறார். 'சிக்கல்' என்னும் சொல்லைக் கேட்டதும் 'யார் செய்த தவறு?' என்று வினவும் வழக்கம் நிலைத்தால், மருத்துவர் அச்சொல்லை எழுதவே தயங்குவார். எழுதப்படாத சிக்கல் எண்ணப்படாது, எண்ணப்படாதது திருத்தப்படாது.

ஆசிரியர்க்கும் மாணவர்க்கும்

ஆசிரியப் பெருமக்களே, வேற்றுமை உருபுகளைத் தேர்வுக்காக மட்டும் கற்பிக்கிறோம் என்ற எண்ணம் நமக்கே சில வேளை உண்டு. அடுத்த முறை அப்பாடம் வரும்போது மூன்று தொடர்களைக் கரும்பலகையில் எழுதுங்கள்: 'அறுவை சிகிச்சைக்குப் பின் கண் மங்கியது', 'அறுவை சிகிச்சையிலிருந்து கண் மங்கலாக உள்ளது', 'அறுவை சிகிச்சையால் கண் மங்கியது'. மூன்றும் ஒன்றா என்று மாணவரைக் கேளுங்கள். இரண்டாவது தொடரின் இருபொருள் தன்மையை அவர்களே கண்டுபிடிப்பார்கள். கண்டுபிடித்த மாணவர் அதை மறக்க மாட்டார்.

மாணவச் செல்வங்களே, உங்களில் பலர் நாளை தாதியராகவும் மருத்துவராகவும் கணினி வல்லுநராகவும் ஆவீர்கள். அதற்கு முன்பே, இன்றோ நாளையோ, பாட்டியோடு பலதுறை மருந்தகத்துக்குச் சென்று அவருடைய தமிழை ஆங்கிலத்தில் கூறும் பணி உங்களுக்கு வரும். அப்போது மூன்றை நினைவில் கொள்ளுங்கள். பாட்டி சொன்னதைச் சொல்லுங்கள்; அதன் காரணத்தை நீங்கள் சேர்க்காதீர்கள். 'மங்கல்' என்று மட்டும் அவர் கூறினால், எந்தக் கண், எந்த நாள் முதல், எப்படி என்று தமிழிலேயே கேட்டு முழுமையாக்குங்கள். உங்களுக்கு ஐயம் எழுந்தால் ஐயம் என்றே மருத்துவரிடம் கூறுங்கள். குறியீட்டாளருக்கு வினவும் கடமை உண்டு என்று கண்டோம். மொழிபெயர்ப்பவர்க்கும் அது உண்டு.

'இதில் தமிழ் எங்கே வருகிறது?' என்று ஏற்பாட்டாளர் கேட்டார். குறியீடு எழுதப்படுவது ஆங்கில எழுத்திலும் எண்ணிலும்தான். ஆனால் அந்தக் குறியீட்டுக்கு முன்னால் ஒரு மருத்துவக் குறிப்பு உண்டு. அக்குறிப்புக்கு முன்னால் ஒரு கேள்வி உண்டு. அக்கேள்விக்கு விடையாக ஒரு முதியவர் தம் வாயால் கூறிய தமிழ்த் தொடர் உண்டு. அத்தொடரில் உள்ள உருபு சிதையாமல் மறுமுனைக்குச் சென்று சேர வேண்டும். அதைச் சேர்ப்பித்தல் தமிழ் கற்றவரின் கடமை.

என் அக்கா இப்போதும் மறுபரிசோதனைக்குச் செல்கிறார். நானும் உடன் செல்கிறேன். அறைக்குள் நுழையும் முன் என்னிடம், "தம்பி, நான் சொல்றத மட்டும் சொல்லு" என்பார். நான் பெற்ற மொழிபெயர்ப்புப் பயிற்சிகளுள் அதுவே மிகச் சிறந்தது.